திங்கட்கிழமைக் களைப்பு

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும் என்கிற பழமொழிக்கு, பட்டை வந்த வருஷம் பாதி வேலை போயிற்று. தலைவலியையும் காய்ச்சலையும் இன்னும் யாராலும் கைமாற்ற முடியவில்லை. களைப்பை முடிந்தது. இவள் மேல்கையில் ஒரு பட்டை, அவள் மேல்கையில் ஒரு பட்டை. இருவரும் தோளோடு தோள் ஒட்டி, ஒரு டீ ஆறுகிற நேரம் உட்கார்ந்தால் போதும். இவளுடைய கால் கடுப்பும் கண் எரிச்சலும் அவளுக்குப் போய்விடும். இவள் அப்போதுதான் குளித்துவிட்டு வந்தவள்போல எழுந்து போவாள். அவள் ஒரு பெருமூச்சு விடுவாள். களைப்பு அழிவதில்லை, இடம்தான் மாறும்.

சங்கரவடிவுக்கு இதில்தான் உத்தியோகம். ‘தோள்’ என்ற தொண்டு நிறுவனத்தில் அவள் கள அலுவலர். ஆட்கள் நிற்காத கம்பெனிகளுக்குப் போய், ஏன் நிற்கவில்லை என்று கேட்டறிந்து, நிற்கிறமாதிரி வழி சொல்வது ‘தோளின்’ வேலை. பட்டைகளைக் கொடுப்பதும், அவற்றைக் கண்காணிப்பதும், தப்பாகப் பயன்படுத்தினால் பூட்டுவதும் அவர்கள் பொறுப்பு. முதலாளிக்கு ஆள் நிற்க வேண்டும், ஆளுக்கு உடம்பு நிற்க வேண்டும், இரண்டுக்கும் நடுவில் நாம் நிற்க வேண்டும் என்பார் அவள் இயக்குநர். மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பதை மட்டும் அவர் சொல்லித் தந்ததில்லை. அதை வடிவு தானாகக் கற்றுக்கொண்டாள்.

இத்தனை அலைச்சலிலும் அவள் தாக்குப்பிடித்ததற்குக் காரணம், பஸ்ஸில் ஏறினால் டிக்கெட் வாங்குவதற்கு முன்பே தூங்கிவிடுகிற வரம். திருநெல்வேலி–தூத்துக்குடி வண்டியில் கண்டக்டர்கள் அவளை எழுப்புவதே இல்லை. அவள் மடியில் இருக்கும் பையிலிருந்து டிக்கெட் காசை எடுத்துக்கொண்டு, சில்லறையை அதிலேயே போட்டுவிட்டுப் போவார்கள்.

அந்தத் திங்கட்கிழமையும் அப்படித்தான் தூங்கி எழுந்து, தூத்துக்குடியில் துறைமுகத்துக்குப் போகிற சாலையில் உள்ள இறால் கம்பெனிக்குப் போனாள். சின்ன இறாலையெல்லாம் மெஷின் உரிக்க ஆரம்பித்துப் பல வருஷமாகிறது. பெரிய இறாலுக்கு மட்டும் இன்னும் பெண்களின் கைதான் வேண்டியிருந்தது. நாள் முழுக்க ஐஸ் தண்ணீரில் நின்று, ஓட்டை உரித்து, சின்னக் கத்தியால் முதுகைக் கீறிக் கறுப்பு நரம்பை எடுக்கிற வேலை.

“வாங்க மேடம். உங்க புண்ணியத்துல ஆளு நிக்கி,” என்று வரவேற்றார் மனிதவள அதிகாரி கோமதிநாயகம். நல்ல மனிதர். எவளுக்குப் பிரசவம் என்றாலும் ஹார்லிக்ஸ் பாட்டிலோடு முதலில் நிற்பவர். “முன்னெல்லாம் இன்னைக்கு வந்தவ நாளைக்கு வர மாட்டா. இப்பம் பாருங்க, தீபாவளிக்கு லீவு எடுத்தவகூடத் திரும்பி வந்துருதா.”

சுவரில் இருந்த திரையில் கம்பெனியின் களைப்பு முழுவதும் கோடாக ஏறி இறங்கியது. காலையில் வாசலில் பட்டையை வாங்கிக் கட்டியதுமே அது ஒவ்வொருத்தியின் களைப்பையும் அளந்துவிடும். வடிவு அதை வெகுநேரம் பார்த்தாள்.

“சார், திங்கட்கிழமை காலைலதான் எல்லாரும் ரொம்பக் களைச்சு வர்றாங்க. லீவு முடிஞ்சு வர்ற அன்னைக்குத்தானே குறைவா இருக்கணும்? எந்தக் கம்பெனியிலயும் இப்படிப் பாத்ததில்ல.”

“அது ஒண்ணுமில்ல மேடம். ஞாயித்துக்கிழமைன்னா கோயிலு, கல்யாணம், சடங்குன்னு அலையுதாளுவ. ஒரு நாளாவது படுத்து எந்திரிங்கட்டின்னா யாரு கேக்கா? யோகா கிளாஸ் வைக்கலாமான்னு யோசிச்சிக்கிட்டு இருக்கேன்.”

வடிவுக்கு அந்தப் பதில் முழுசாகச் செரிக்கவில்லை. ஆனால் அதைவிடப் பெரிய விஷயம் ஒன்று திரையில் இருந்தது. ஒரே ஒரு பெண்ணின் பட்டைக்குத் தினமும் நாலைந்து பேருடைய களைப்பு போயிருந்தது. மாதக்கணக்காக, ஒரு நாள் தவறாமல்.

“இது யாரு சார்?”

“அமலோற்பவம். ரெண்டாம் மேசை. தங்கமான பொம்பள. வீட்டுக்காரரு போன வருசம் தவறிட்டாரு.”

“ஒரு நாளைக்கு ஒரு ஆளோட பங்குக்கு மேல வாங்கக் கூடாதுன்னு சொல்லியிருந்தோமே.”

“சொன்னீங்க. அவளா வாங்குதா, மத்தவளுவ சிரிச்ச மொகமா வீட்டுக்குப் போறாளுவ. நாம எதுக்குக் கெடுக்கணும்? எங்கயாவது இது மாதிரி அசராத ஆளுவ இருந்தா சொல்லுங்க மேடம், மேசைக்கு ஒருத்திய உக்கார வச்சிருவேன். ஷிப்டையும் ரெண்டு மணி நேரம் நீட்டிக்கலாம்.” சிரித்துக்கொண்டேதான் சொன்னார். ஆனால் விளையாட்டுக்குச் சொல்கிறவர் ஷிப்டின் நேரம்வரை யோசித்து வைத்திருக்க மாட்டார்.

வடிவுக்கு ஓசூர் ஞாபகம் வந்தது. அந்தப் பக்கம் ஒரு தொழிற்சாலையில், காசுக்கு மற்றவர்கள் களைப்பை வாங்கிச் சுமந்துகொண்டிருந்தாள் ஒரு பெண். ஒருநாள் வீட்டுக்குப் போகிற வழியில் சாலையோரம் உட்கார்ந்தவள் எழுந்திருக்கவே இல்லை. அவள் உயிரோடு இருந்தபோது ‘தோளிலிருந்து’ போய்க் கேட்டவர்களிடம், “நான் வேணும்னுதான் வாங்குறேன்” என்று சிரித்திருக்கிறாள். ஒரு நாளைக்கு ஒரு பங்கு என்ற விதியை அதற்குப் பிறகு எழுதியவள் வடிவுதான்.

ஷிப்ட் முடிகிற நேரத்தில் அவள் தோள் அறைக்குப் போனாள். நீளமான இரண்டு பெஞ்சுகள் போட்ட சின்ன அறை. கம்பூட்ஸைக் கழற்றி வைத்துவிட்டு, வெளுத்துச் சுருங்கிய விரல்களை முந்தானையில் துடைத்தபடி பெண்கள் வந்தார்கள். இதற்கு அவர்கள் வைத்திருந்த பெயர் ‘தோள் மாத்துறது’. திருவிழாவில் மாதா சப்பரம் தூக்குகிறவர்கள் பாதித் தெருவில் தோள் மாற்றிக்கொள்வார்கள் அல்லவா, அங்கிருந்து வந்த பேச்சு. அங்கே தோள் கொடுத்தவருக்கு யாரும் நன்றி சொல்வதில்லை. இங்கேயும் சொல்லக் கூடாது. சொன்னால் களைப்பு வழி கேட்டுத் திரும்பி வந்துவிடும் என்று அவர்களாகவே ஒரு சாஸ்திரம் எழுதிக்கொண்டிருந்தார்கள். கல்யாணம் நிச்சயமான பெண்ணுக்கு அந்த வாரம் முழுக்கக் களைப்பு மிஞ்சக் கூடாது என்பதும் அதே சாஸ்திரத்தில் அடக்கம்.

அமலோற்பவம் பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். ஐம்பதைத் தாண்டிய, எலும்பும் தோலுமான உடம்பு. ஜெனோவா என்ற இளம்பெண் வந்து அவள் தோளோடு ஒட்டி உட்கார்ந்தாள். வீட்டில் கைக்குழந்தை உள்ளவள். பேச்சில்லை. அவள் எழுந்ததும் அடுத்தவள். பிறகு இன்னொருத்தி. ஒவ்வொருத்தி உட்காரும்போதும் அமலோற்பவம் கண்ணை மூடிக்கொண்டாள். அவளுடைய தோள் கொஞ்சம் கொஞ்சமாகத் தாழ்ந்தது. பாவம், எப்படிச் சகித்துக்கொள்கிறாள் என்று வடிவு நினைத்துக்கொண்டாள்.

எல்லாரும் எழுந்த பிறகு பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

“யாராவது உங்களக் கட்டாயப்படுத்துறாங்களாக்கா?”

“இல்லம்மா.”

“பயப்படாம சொல்லுங்க. உங்க பேரு வெளிய வராது.”

“என்னைய யாரும்மா கட்டாயப்படுத்துவா? நான் வேணும்னுதான் வாங்குதேன்.”

அதே வாக்கியம். ஓசூர்க்காரி சொன்னது.

“ஏன் வேணும்?”

அமலோற்பவம் கதவுப் பக்கம் பார்த்தாள். பெண்கள் செருப்பு மாட்டியபடி அங்கேயே நின்றிருந்தார்கள், கேட்கிற தூரம்தான். “சும்மாதான். எனக்கு வீட்டுல என்ன வேல கெடக்கு? இவளுவளுக்கு வீட்டுக்குப் போனா அடுத்த ஷிப்ட்லா ஆரம்பிக்கி. ஒரு ஒத்தாசைக்குத்தான்.”

வடிவு தன் போனை எடுத்து அங்கேயே அந்தப் பட்டையைப் பூட்டினாள். இனிமேல் அது ஒரு நாளைக்கு ஒரு பங்குக்கு மேல் ஏற்காது.

“எம்மா,” என்றாள் அமலோற்பவம், “அத அப்பிடியே விட்டுரப்படாதா?”

“உங்க நல்லதுக்குத்தான்க்கா.”

அமலோற்பவம் பட்டையைக் கழற்றி, பெஞ்சில் வைத்து, எழுந்து போனாள். நல்லது செய்துவிட்ட திருப்தியில் வடிவு அன்று பஸ்ஸில் வழக்கத்தைவிட நன்றாகத் தூங்கினாள்.

அடுத்த மாதம் போனபோது கோமதிநாயகம் திரையைப் பெருமையாகக் காட்டினார். கோடு ஒழுங்காக இருந்தது. திங்கட்கிழமை மேடு காணவே காணோம்.

“பாத்தீங்களா மேடம்? யோகா ஆரம்பிச்சு மூணே வாரம். மூச்சு ஒண்ண ஒழுங்குபடுத்திட்டா எல்லாம் சரியாயிரும்.”

“அமலோற்பவம் எப்படி இருக்காங்க?”

அவர் முகம் சுருங்கியது. “அவ நின்னுட்டா மேடம். கத்தி பட்டு உள்ளங்கையக் கிழிச்சுக்கிட்டா. பெரிய காயமில்ல, நாலு தையல். ஆனா மறுநாள்ல இருந்து வரல. ஃபோன் போட்டா எடுக்க மாட்டேங்கா. இருவது வருசமா ஒரு கீறல்கூடப் படாத கை. என்னன்னே புரியல.”

தோள் அறையில் யாரும் அவளிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. வணக்கம் வைத்தால் வணக்கம், அவ்வளவுதான். ஜெனோவா மட்டும் கடந்து போகும்போது நின்று, “ஞாயித்துக்கிழம அக்கா வீட்டுக்குப் போயிப் பாருங்க மேடம். நீங்கதான் பாக்கணும்,” என்றாள். அதில் மரியாதை இருந்தது, பிரியம் இல்லை.

வேலையை விட்டவர்களை வீட்டில் போய்ப் பார்ப்பது ‘தோளில்’ வழக்கம்தான். வெறுங்கையோடு போகக் கூடாது என்பது வடிவின் வழக்கம். அந்த ஞாயிறு மதியம் ஒரு பெட்டி மக்ரூனோடு கடலோரத் தெரு ஒன்றில் அந்த வீட்டைத் தேடிப் பிடித்தாள். வாரம் முழுக்க நாகர்கோவில், சாத்தூர், கோவில்பட்டி என்று அலைந்தவள். வெயில் மண்டையைப் பிளந்தது.

ஒற்றை அறையும் அடுப்படியும் உள்ள வீடு. அறையில் பாதியை ஒரு இரும்புக் கட்டில் அடைத்துக்கொண்டிருந்தது. அதில் விரிப்பு சுருக்கமில்லாமல் விரித்திருந்தது, ஆனால் யாரும் படுக்கிற கட்டில் மாதிரி இல்லை. அதன் ஓரமாகத் தரையில் பாய். அமலோற்பவத்தின் கண்கள் குழிக்குள் போயிருந்தன.

“வாங்கம்மா. இந்த வெயில்ல வந்திருக்கியளே,” என்று நாற்காலியை முந்தானையால் துடைத்துப் போட்டாள்.

வடிவு உட்காரவில்லை. “கை எப்படி இருக்குக்கா?”

“அது ஆறிட்டு. எங் கை போனாக்கூடச் சவம் போகட்டும்னு விட்ருவேன். கண்ணு சொருகி, பக்கத்துல நிக்க பிள்ள கைய வெட்டிருவனோன்னு பயம் வந்துட்டு. அதான் நின்னுட்டேன்.”

“தூக்கம் இல்லையா?”

அமலோற்பவம் எழுந்து போய்த் தெருக்கதவைப் பாதி சாத்திவிட்டு வந்தாள்.

“எங்க வீட்டுக்காரருக்குப் பக்கவாதம். பதினோரு வருசம் இந்தக் கட்டில்லதான் கெடந்தாரு. ரெண்டு மணி நேரத்துக்கு ஒருக்காப் புரட்டிப் படுக்க வைக்கணும், இல்லேன்னா முதுகு புண்ணாயிரும்னு டாக்டர் சொல்லிட்டாரு. பகல்ல அவரு தங்கச்சி பாத்துக்கிடுவா. ராத்திரி நான். ஒரு புண்ணு வரல பாத்துக்கிடுங்க. நர்ஸம்மா வந்து பாத்துட்டு, ஆஸ்பத்திரியிலகூட இப்பிடிப் பாக்க முடியாதுன்னு சொல்லிச்சு.” அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் ஒரு கணம் வெளிச்சம் வந்து போயிற்று. “அவரு போனப்பம் வந்தவுக எல்லாரும் ஒரே வார்த்ததான் சொன்னாவ. இனியாவது நீ நிம்மதியாத் தூங்குன்னு. எங்க தூங்க? அசந்தா ரெண்டு மணி நேரத்துல கை தானா எந்திரிச்சிரும். கட்டில்ல புரட்ட ஆளு இருக்காது. அதுக்கப்புறம் விடியுத வரைக்கும் முழிச்சிக்கிட்டே கெடக்க வேண்டியதான்.”

“மாத்திரை...”

“தந்தாவ. போட்டா மறுநாளு மத்தியானம் வரைக்கும் தல தொங்குது. கத்தி பிடிக்கணும்லா.”

“நீங்களும் களைச்சுத்தானேக்கா வீட்டுக்கு வர்றீங்க. உங்க களைப்புல தூக்கம் வரலன்னா மத்தவங்க களைப்புல மட்டும் எப்படி வரும்?”

அமலோற்பவம் கட்டிலைப் பார்த்தாள். “எங் களைப்பு அவரு கூடவே இருந்து பழகினது. நான் அசந்தாலும் அது என்னைய எழுப்பிவிட்டுரும். அவளுவ களைப்புக்கு அவரத் தெரியாதுல்லா. அத வாங்கிட்டு வந்து படுத்தேன்னா, விடிஞ்சு கோயில் மணி அடிச்சாத்தான் முழிப்பு.”

ஓசூர்க்காரியும் இவளும் சொன்னது ஒரே வாக்கியம்தான். ஒருத்தி விஷயத்தில் அதை நம்பியது தப்பாயிற்று, இன்னொருத்தி விஷயத்தில் நம்பாதது தப்பாயிற்று.

“இத அன்னைக்கே சொல்லியிருக்கலாமேக்கா.”

“எப்பிடிச் சொல்ல? புருசன் போனதுக்கப்புறம் ராத்திரி தூக்கம் வரலன்னு ஒரு பொம்பள வாயத் தொறந்தா ஊரு என்ன பேசும்னு ஒனக்குத் தெரியாதா?” மரியாதைப் பேச்சு அவளை அறியாமல் கழன்று விழுந்திருந்தது. “அதுவும் போக, நான் அந்தப் பிள்ளையள ஏமாத்துதேன்லா. அக்கா நமக்காவச் சுமக்குதுன்னு அவளுவ நெனைக்காளுவ. நான் எனக்காவ வாங்குதேன். இது ஒரு களவுதான? அவளுவளுக்கு மட்டும் இது தெரியவே கூடாதும்மா. நீ சொல்லிராத.”

“சொல்ல மாட்டேன்க்கா.”

சொல்ல மாட்டாள், சரி. அறிக்கையில் என்ன எழுதுவது? பூட்டை எடுக்க வேண்டும் என்றால் காரணம் எழுத வேண்டும். காரணத்தை எழுதினால் முதலில் படிக்கப்போவது கோமதிநாயகம். மேசைக்கு ஒருத்தி வேண்டும் என்றவர். ஹார்லிக்ஸ் வாங்கிக் கொடுக்கிற அதே நல்ல மனசோடு, தூக்கம் வராமல் தவிக்கிறவர்கள் தேவை என்று விளம்பரம் கொடுப்பார். மற்ற கம்பெனிகளும் கொடுக்கும். ஊரில் துக்கப்பட்டுக் கிடக்கிறவளையெல்லாம் தேடிப் பிடித்துப் பெஞ்சில் உட்கார வைத்து ஷிப்டை நீட்டுவார்கள். அப்புறம் அவளுக்குத் தூக்கம் திரும்பி வந்துவிட்டால் வேலை போய்விடும். அதனால் விதியை எடுக்க முடியாது. விதி சரிதான். ஆனால் அந்தச் சரியான விதிதான் இந்தப் பெண்ணின் தூக்கத்தைப் பிடுங்கி, கையைக் கிழித்து, வீட்டில் உட்கார வைத்திருந்தது.

வடிவு தன் பையைத் திறந்தாள். புதுக் கம்பெனிகளில் செய்து காட்டுவதற்காக அவள் எப்போதும் வைத்திருக்கும் இரண்டு பட்டைகள் அதில் இருந்தன. ஒன்றைத் தன் மேல்கையில் கட்டிக்கொண்டு, இன்னொன்றை நீட்டினாள்.

“எங்கிட்ட ஒரு வாரத்துக் களைப்பு இருக்குக்கா. மூணு ஊர் அலைஞ்சது. உங்க வீட்டுக்காரரச் சத்தியமா அதுக்குத் தெரியாது.”

“உங்க விதி?”

“அது கம்பெனிக்கு. இது வீடு.”

இருவரும் பாயில் தோளோடு தோள் ஒட்டி உட்கார்ந்தார்கள். மெலிந்த தோள்தான், ஆனால் கல் மாதிரி இருந்தது. கொஞ்ச நேரத்தில் வடிவின் குதிகால் வலி போயிற்று, பிறகு இடுப்பில் இருந்த இறுக்கம், கடைசியாகக் கண்ணுக்குப் பின்னால் எப்போதும் இருக்கிற அந்த மந்தம். அது போன பிறகுதான் அங்கே அப்படி ஒன்று இருந்ததே அவளுக்குத் தெரிந்தது. அமலோற்பவத்தின் தலை மெல்லச் சாய்ந்தது. அவளைப் பாயில் சாய்த்துப் படுக்க வைத்தபோது அவள் ஏதோ சொல்ல வாயெடுத்தாள், சொல்லி முடிக்கவில்லை.

வடிவு வாசல்படியில் வந்து உட்கார்ந்தாள். இந்த மாதிரி மதியத்தில் சும்மா உட்கார்ந்தால் இவளுக்குக் கண் சொருகும். இன்றைக்குத் தெருவின் கடைசிவரை துல்லியமாகத் தெரிந்தது. அங்கே வெயிலில் நாலு பெண்கள் நடந்து வந்துகொண்டிருந்தார்கள். முன்னால் வந்தவள் இடுப்பில் குழந்தையோடு ஜெனோவா. வேர்த்து ஒழுகிக்கொண்டிருந்தார்கள்.

வடிவு உதட்டில் விரலை வைத்தாள். ஜெனோவா பதறிப் போய்க் கதவு இடுக்கில் எட்டிப் பார்த்தாள். பார்த்துவிட்டு அப்படியே சுவரில் சாய்ந்து நின்றாள்.

“தூங்குதா,” என்றாள் மற்றவர்களிடம். ஒருத்தி சிலுவை போட்டுக்கொண்டாள். கோயிலிலிருந்து நேராக அக்காவைப் பார்க்க வந்த நாலு பேரும் படியைச் சுற்றி நிழலில் உட்கார்ந்தார்கள். ஜெனோவாவின் பார்வை வடிவின் மேல்கைக்குப் போயிற்று. அதில் பட்டை இன்னும் இருந்தது.

“நீங்க கொடுத்தியளாக்கா?” ‘மேடம்’ எங்கோ போய்விட்டிருந்தது.

வடிவு தலையாட்டினாள். பிறகுதான் அந்தக் கேள்வி உறைத்தது. “உங்களுக்குத் தெரியுமா?”

“தெரியாமயா?” ஜெனோவா குழந்தையை மடியில் மாற்றிப் போட்டுக்கொண்டாள். “எதுத்த வரிசையிலதான் எங்க வீடு. ராத்திரி இவனுக்குப் பால் கொடுக்க எந்திரிக்கப்பல்லாம் அக்கா வீட்டுல லைட்டு எரியும். மாமா போன நாள்ல இருந்து ஒரு ராத்திரி அணைஞ்சு பாத்ததில்ல. ஒருநாளு ரொம்ப முடியாம அக்காட்ட என் களைப்பக் கொடுத்தேன். அதோட இன்னொருத்தியும் கொடுத்திருக்கா. அன்னைக்கு ராத்திரி பாக்கேன், லைட்டு அணைஞ்சு கெடக்கு. மறுநாளு இவளுவள்ட்ட எல்லாம் சொன்னேன்.”

“அதுக்கப்புறம் தினமும் கொடுத்தீங்க.”

“பின்ன? ஞாயித்துக்கிழமதான் கஷ்டம். கம்பெனி கெடையாது, ராத்திரி பூரா லைட்டு எரியும். அதனால திங்கக்கிழம கூடுதலாக் கொண்டு போவோம். ஞாயித்துக்கிழம மத்தியானம் ஒருத்தியும் படுக்கக் கூடாதுன்னு எங்களுக்குள்ள பேச்சு. நான் வாரத்துத் துணி பூராத்தையும் அன்னைக்குத்தான் துவைப்பேன். இவ பெரிய கோயிலுக்கு நடந்தே போயிட்டு நடந்தே வருவா. ஆட்டோவுல ஏறுனதக் கண்டுபிடிச்சோம்னா அந்த வாரம் பூரா ஏச்சுதான்.”

நடந்தே போகிறவள் வெட்கப்பட்டுச் சிரித்தாள்.

வடிவுக்குச் சுவர்த் திரை ஞாபகம் வந்தது. திங்கட்கிழமை மேடு. எந்தக் கம்பெனியிலும் இல்லாத அந்தக் கோடு. ஓய்வு நாளில் ஓய்வெடுக்காமல், ஒரு கூட்டமே தன்னை வருத்திச் சேர்த்துக்கொண்டு வந்த களைப்பு அது. அது காணாமல் போனதற்கு மூச்சுப் பயிற்சி காரணம் என்று ஒருவர் சந்தோஷப்பட்டுக்கொண்டிருக்கிறார். பட்டையைப் பூட்டிய அன்று செருப்பு மாட்டியபடி கதவருகில் நின்றவர்கள் இவர்கள்தான். அவளுக்குக் கண் கலங்கியது. அதை மறைக்கவும் இல்லை.

“நீங்களாவது சொல்லியிருக்கலாமே ஜெனோவா. எங்கிட்ட வந்து.”

“சொன்னா நீங்க எழுதுவிய. எழுதுனா அக்காவுக்குத் தெரிஞ்சிரும். எங்களுக்குத் தெரியும்னு தெரிஞ்சிட்டுன்னா அக்கா வாங்கவே வாங்காது. பிச்ச மாதிரி நெனச்சிரும். நீங்களும் சொல்லிராதீங்க.”

“சொல்ல மாட்டேன்.”

ஒரே வீட்டில், ஒரே மதியத்தில், ஒரே சத்தியத்தை இரண்டு பக்கமும் செய்தாயிற்று. மத்தளத்துக்கு இது பழகிய இடிதான். ஆனால் இந்த முறை வலிக்கவில்லை.

உள்ளே பாயில் சத்தம் கேட்டது. எல்லாரும் திரும்பினார்கள். தூக்கத்தில் அமலோற்பவத்தின் கை, தையல் போட்ட கை, தானாக எழுந்து கட்டில் விளிம்பைத் தொட்டது. விரிப்பை ஒருமுறை தடவியது. ஜெனோவா மூச்சைப் பிடித்துக்கொண்டாள். கை மெல்லத் திரும்பி வந்து பாயில் விழுந்தது. அமலோற்பவம் புரண்டு படுத்தாள். விழிக்கவில்லை.

கிளம்பும்போது வடிவு தன் பட்டையைக் கழற்றி ஜெனோவாவின் கையில் வைத்தாள். இன்னொன்று உள்ளே அமலோற்பவத்தின் கையில் இருந்தது.

“இது கம்பெனிக்குள்ள போகக் கூடாது. காசு பேச்சு வரக் கூடாது. அவங்க முகத்தப் பாத்துக்கிட்டே இருங்க, போதும்னு தோணினா நிறுத்திரணும். அவங்களுக்குத் தானாத் தூக்கம் வர்ற அன்னைக்கு எனக்குத் திருப்பி அனுப்பிருங்க.”

ஜெனோவா பட்டையைக் குழந்தையின் துணிக்குள் சுருட்டி வைத்தாள். “எங்களால முடியல, வாங்கிக்கோன்னு அக்காட்டக் கெஞ்சுத மாதிரிக் கேட்டுக்கிடுதோம். நான் நன்றின்னு சொல்ல மாட்டேன்க்கா.”

“சொல்லிராத. திரும்பி வந்துரும்.”

தலைமை அலுவலகத்துக்குப் போன அறிக்கையில், வேலையை விட்ட காரணம் என்ற இடத்தில் ‘கைக்காயம்’ என்று எழுதினாள். செய்து காட்டும் பட்டைகள் எங்கே என்று அலுவலகத்தில் கேட்டபோது, ஒரு வீட்டில் சோதனைக்காகக் கொடுத்திருப்பதாகச் சொன்னாள். அது பொய் இல்லை என்று அவளுக்குத் தோன்றியது. அடுத்த மாதம் அமலோற்பவம் இரண்டாம் மேசைக்குத் திரும்பினாள். ‘காயம் ஆறிவிட்டது’ என்று எழுதினாள் வடிவு. தோள் அறையில் இப்போது அமலோற்பவம் ஒரு பங்குதான் வாங்கினாள், விதிப்படி. மீதி, அவரவர் வீட்டுக்குப் போகிற வழியில் அமலோற்பவத்தின் பாயில் நடந்தது. ஞாயிற்றுக்கிழமைக் களைப்பு ஞாயிற்றுக்கிழமையே கைமாறிவிட்டதால் திங்கட்கிழமைக் கோடு தட்டையாகவே இருந்தது. மற்ற கம்பெனிகளுக்கும் யோகாவைச் சிபாரிசு செய்யுங்கள் மேடம் என்றார் கோமதிநாயகம். நல்ல மனிதர், மனசைக் கெடுப்பானேன் என்று வடிவு அதையும் எழுதிவைத்தாள்.

தெருவில் ஞாயிற்றுக்கிழமைகளுக்கு முறை வைத்துக்கொண்டார்கள். வடிவையும் கேட்காமலேயே அதில் சேர்த்துவிட்டார்கள். மாதத்தின் கடைசி ஞாயிறு அவளுடையது.

அந்த ஞாயிறு அவள் திருநெல்வேலியில் தூத்துக்குடி பஸ்ஸில் ஏறினாள். வண்டி பாதிக்கு மேல் காலி. கண்டக்டர் பழகியவர், ஜன்னலோரம் பார்த்துக் கையைக் காட்டினார்.

“உக்காருங்க மேடம். தூத்துக்குடி வந்ததும் எழுப்புதேன்.”

“இல்லண்ணே,” என்று கம்பியைப் பிடித்துக்கொண்டாள் வடிவு. “இன்னைக்கு நிக்கேன்.”

கண்டக்டருக்குப் புரியவில்லை. தோளைக் குலுக்கிவிட்டு விசில் கொடுத்தார். தூத்துக்குடி வரும்வரை வடிவு நின்றுகொண்டே போனாள்.